விலா எலும்பும் முன்ரூமும்

இந்த சீசனுக்கு அருவிப் பக்கம் தலைவைத்துக்கூடப் படுக்கமாட்டேன் என்று சிவனணைந்தபெருமாள் சத்தியம் செய்தார். வாய்வார்த்தையாக இல்லை. வைகாசிக் கடைசியில், மலைமேல் முதல் மேகம் இறங்கிய சாயங்காலத்தில், சாமி படத்துக்கு முன்னால் கற்பூரம் எரிய எரியச் செய்தார்.

தென்காசியில் குடியிருந்துகொண்டு ஒரு மனிதர் இப்படிச் சத்தியம் செய்யலாமா? செய்யக்கூடாதுதான். ஆனால் அவருக்கு வேறு வழியில்லை. போன சீசனில் ஐந்தருவியில் பாசி வழுக்கிக் கால் பிசகியது. ஒரு மாதம் முன்ரூம் திவானில் கிடந்தார். காலுக்கு ஒரு தலையணை, முதுகுக்கு ஒரு தலையணை, கையில் ரிமோட். அவருடைய பெயிண்ட் கடையைப் பார்த்தது, சமைத்தது, காலுக்குத் தைலம் தேய்த்தது, நடுவே ஊர்ப் பெண்களுக்கெல்லாம் பிளவுஸ் தைத்தது, அத்தனையும் அவர் மனைவி சங்கரேஸ்வரி.

"மீறுனா?" என்று கேட்டாள் அவள்.

"மீறுனா என்ன வேணும்னு நீயே கேளுட்டி."

இதைச் சொல்லித் தொலைத்திருக்க வேண்டாம்.

"முன்ரூமு."

முன்ரூம் என்பது வெறும் அறை இல்லை, அவருடைய ராஜ்யம். தெருவைப் பார்த்த ஜன்னல், மெத்தை போட்ட திவான், சுவர் நிறைய டிவி, தலைக்குமேல் வேகமாகச் சுற்றுகிற ஃபேன். சங்கரேஸ்வரியின் தையல் மெஷினோ பின்பக்கத் தகரக் கொட்டகையில் கிடந்தது. சாரல் அடித்தால் பட்டுத் துணி நனையும். துணி கொடுக்க வருகிறவர்கள் அடுப்படி வழியாக நுழைந்து, குழம்பில் என்ன கிடக்கிறது என்று பார்த்துவிட்டுத்தான் அளவு கொடுப்பார்கள். முன்ரூமைத் தையல் கடையாக்க வேண்டும் என்று அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். அவரும் பார்ப்போம், பார்ப்போம் என்று சொல்லிக்கொண்டே இருந்தார்.

"சரி. மீறுனா முன்ரூம் உனக்கு," என்றார் பெருமாள். மீறப்போவதில்லையே என்ற தைரியம்.

ஆனியில் சாரல் பிடித்துக்கொண்டது. கடைக்கு வருகிறவன் எல்லாம் ஈரத் தலையோடு வந்தான். எங்கேயோ இருக்கிறவன் வேன் பிடித்து வந்து குளித்துவிட்டுப் போகிறான், கூப்பிடு தூரத்தில் இருக்கிறவன் பக்கெட் தண்ணீரில் குளிக்கிறான். ஒரு ஆண்மகனுக்கு இதைவிட என்ன அவமானம் வேண்டும்?

பக்கத்து டயர் கடை மசூது, அவருக்கு உயிர்ச் சிநேகிதர். உயிரை எடுக்கிற சிநேகிதரும் அவர்தான்.

"வாரும்வே. வெள்ளிக்கிழமை விடியப் போயிட்டு வந்திருவோம். வீட்டுல வாக்கிங்னு சொல்லும்."

"சத்தியம் பண்ணியிருக்கேன்வே."

"சத்தியத்தை யாருகிட்ட பண்ணுனீரு?"

"ஈஸ்வரிகிட்ட."

"அவளுக்குத் தெரியாமப் போனா அவளைப் பொறுத்தவரை நீரு போகவே இல்லையே! பொறவு எங்கனகூடி மீறுதீரு?"

இவ்வளவு பெரிய சட்டப் புள்ளி டயர் கடைக்குள் இருந்திருக்கிறது, தெரியாமல் போய்விட்டதே என்று பெருமாள் வியந்தார்.

வெள்ளிக்கிழமை விடியற்காலையில், கேன்வாஸ் ஷூவெல்லாம் மாட்டிக்கொண்டு வாக்கிங் கிளம்பியவர், தெருமுனையில் மசூதின் வண்டியில் ஏறினார். குற்றாலம் போய் இறங்கியதும் கால் தானாக மசாஜ் கொட்டகைக்குள் நுழைந்தது. எண்ணெய் தேய்க்காமல் அருவியில் நிற்பவன் வெளியூர்க்காரன்.

மசாஜ்காரர் தாட்டியமான ஆள். பெருமாளைக் கவிழ்த்துப் போட்டு, முதுகில் முழங்காலை ஊன்றி ஏறினார்.

"போதுமா அண்ணாச்சி?"

"இன்னும் அழுத்தும்."

"இப்பம்?"

"சோறு தின்னுதீரா இல்லையா? அழுத்தும்வே!"

அழுத்தினார். மொடுக் என்றது.

குற்றாலத்து மசாஜில் மொடுக் என்றால் சொடக்கு. சொடக்கு விழுந்தால் வாயு போயிற்று, மசாஜ் பலித்துவிட்டது என்று அர்த்தம். கழுத்தில் விழும், இடுப்பில் விழும். இது இடது விலாவில் விழுந்தது. பெருமாளுக்குக் கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வந்தது. பரவசம் என்று எடுத்துக்கொண்டார். "கைராசிக்காரர்வே நீரு," என்று மசாஜ்காரருக்கு மேற்கொண்டு இனாமும் கொடுத்தார். தன் எலும்பை ஒடித்தவனுக்கு இனாம் கொடுத்த மனிதர் தென்காசி ஜில்லாவில் இவர் ஒருவராகத்தான் இருப்பார்.

விஷயம் அருவிக்கடியில்தான் தெரிந்தது. மெயின் அருவித் தண்ணீர் முதுகில் மொத்தென்று விழுந்ததும் உயிர் போய்விட்டது. ஒரு அலறு அலறினார். என்ன சொல்லி அலறினார் என்று அவருக்கே தெரியாது. யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. அருவிக்கடியில் நிற்கிற எந்த ஆம்பளை கத்தாமல் இருக்கிறான்? அந்தப் பக்கம் பெண்கள் பகுதியிலும் ஒரே கூச்சல்தான்.

"என்னவே, மூஞ்சி சுண்ணாம்பா வெளுத்திருக்கு?" என்றார் மசூது.

"மூச்சு இழுத்தா குத்துது. இங்கன."

மசூது விரலால் தொட்டார். பெருமாள் ஒரு முழம் எம்பினார்.

"விலா எலும்பு போயிருச்சுவே! வீட்டுல மூச்சு விட்ராதேயும்."

"மூச்சு விட்டாத்தானவே வலிக்கு!"

திரும்பி வந்த பாதையில் இத்தனை வேகத்தடைகள் இருக்கின்றன என்பது அன்றைக்குத்தான் பெருமாளுக்குத் தெரிந்தது. ஒவ்வொன்றுக்கும் இறங்கி, நடந்து தாண்டி, மறுபடி ஏறினார். வழியில் பால் வண்டி முந்தியது, சைக்கிள் முந்தியது, ஒரு ஸ்கூட்டர் சர்ரென்று முந்தியது. வீட்டுக்குள் நுழைந்தபோது சங்கரேஸ்வரி தலைக்குக் குளித்து ஈரத்துண்டு சுற்றியிருந்தாள். வெள்ளிக்கிழமை அவளுக்கு வழக்கம்தான்.

"வாக்கிங் ரொம்ப நீளமோ?"

"ம்."

"தலை ஈரமா இருக்கு?"

"வேர்வை."

அவள் இட்லியைக் கொண்டுவந்து வைத்தாள். அருவியில் குளித்தவன் பசியை மறைக்க முடியாது. கணக்கில்லாமல் உள்ளே போயிற்று. அவள் தட்டிலும் அன்றைக்கு மலைபோலத்தான் இருந்தது, ஆனால் அதையெல்லாம் பார்க்க அவருக்கு நேரமில்லை. தும்மல் வந்துகொண்டிருந்தது. ஈரத் தலை, சாரல் காற்று, வராமல் இருக்குமா? மூக்கைப் பிடித்தார், நாக்கைக் கடித்தார், காலால் தரையை உதைத்தார். எப்படியோ தும்மல் திரும்பிப் போயிற்று. பாதி உயிரும் கூடவே போயிற்று.

கடையில் வைத்து மசூது வைத்தியம் செய்தார். எலும்பு ஒட்ட வேண்டுமானால் இறுக்கிக் கட்ட வேண்டும் என்று ஒரு நீளத் துண்டை நெஞ்சைச் சுற்றிக் கட்டி, டயரை ரிம்மில் ஏற்றுகிற வேகத்தில் முறுக்கினார். பெருமாளுக்கு மூச்சு தொண்டைவரை போய்த் திரும்பி வந்தது. ஆனால் வெளியே சட்டை போட்டால் ஒன்றும் தெரியாது. அது போதும்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தால், வாசலிலேயே சங்கரேஸ்வரி அளவு டேப்போடு நின்றாள்.

"சட்டையைக் கழத்துங்க. அளவெடுக்கணும்."

பெருமாள் சட்டைப் பட்டனைப் பொத்திக்கொண்டார். "எதுக்கு?"

"ஆவணியில எங்க அண்ணன் மவ கல்யாணம். புதுச் சட்டை தைக்கேன்."

"பழைய அளவு இருக்குல்லா?"

"ஆளு பெருத்திருக்கியே." டேப்பைச் சட்டைக்கு மேலேயே சுற்றினாள். "இதென்ன உள்ள பொம்முனு இருக்கு?"

"துண்டு. கடையில குளிரு."

"சாரல்ல நனைஞ்ச துண்டைக் கட்டிக்கிட்டா நெஞ்சுல சளி பிடிக்கும். குடுங்க, துவைச்சுப் போடுதேன்."

அவிழ்த்துக்கொண்டு போயே விட்டாள். போன துண்டு திரும்பி வரவே இல்லை. கேட்டால் இன்னும் காயவில்லை என்றாள். சாரல் காலமாயிற்றே, என்ன சொல்ல முடியும்?

"இப்பம் மூச்சை நல்லா உள்ள இழுங்க."

இழுத்தார். பாதியில் குத்தியது. சிரித்துக்கொண்டே நின்றார்.

"இன்னும்."

"அவ்வளவுதான்டி."

"அண்ணன் வீட்டுக் கல்யாணத்துல மூச்சு விட்டதும் பட்டன் தெறிச்சா எனக்குத்தான மானக்கேடு? இழுங்க. அப்படியே நிறுத்துங்க. மெல்ல விடுங்க."

கண்ணில் பூச்சி பறக்க இழுத்து விட்டார். தப்பித்தோம் என்று நினைத்தார். கொஞ்ச நேரம் கழித்து டேப்போடு மறுபடி வந்தாள். "அளவு மாறுதே, இன்னொருக்கா இழுங்க." விடிந்ததும் ஒருமுறை, கடைக்குக் கிளம்பும்போது ஒருமுறை, சாப்பிட வந்தால் ஒருமுறை. ஒரு சட்டைக்கு இத்தனை அளவா? சந்தேகம் வந்துவிட்டதோ என்று பெருமாள் பயந்தார். ஒவ்வொரு தடவையும் முகத்தில் ஒன்றும் காட்டாமல் நெஞ்சு நிறைய இழுத்துக் காட்டினார். முன்ரூமாயிற்றே!

மறுநாள் அவள் கதவைத் திறந்து போட்டு மிளகாய் வற்றலை வறுத்தாள். நெடி முன்ரூமுக்குள் வந்து நேராக அவர் மூக்கைத்தான் தேடியது. இருமல் கிளம்பியது. உடைந்த விலாவோடு இருமுவது என்றால் என்ன என்று அனுபவித்தவர்களைத்தான் கேட்க வேண்டும். சங்கரேஸ்வரி ஒரு தலையணையை எடுத்து அவர் மடியில் போட்டாள்.

"அந்தத் தலையணை உறை நைஞ்சிருக்கான்னு பாருங்க. நல்லா அமுக்கிப் பாருங்க."

கிடைத்ததே சாக்கு என்று அதை நெஞ்சோடு இறுக்கிக் கட்டிக்கொண்டு இருமித் தீர்த்தார். வலி பாதிதான் இருந்தது. ஆகா, பிரமாதமான உபாயம், இவளுக்குத் தெரியாமல் கண்டுபிடித்துவிட்டோம் என்று உள்ளுக்குள் ஒரே குஷி.

அதே குஷியில் இன்னொரு காரியமும் செய்தார். தலைவலிக்கு வாங்கினேன் என்று அவள் பாரசிட்டமால் அட்டையை அவருடைய காபி டம்ளருக்குப் பக்கத்தில் மறந்து வைத்துவிட்டுப் போனாள். அவள் அந்தப் பக்கம் போனதும் ஒன்றை எடுத்து விழுங்கினார். அந்த அட்டையை அவள் மூன்று வேளையும் அதே இடத்தில் மறந்து வைத்தாள். வயதாகிறது, பாவம், ஞாபகமறதி என்று நினைத்துக்கொண்டார்.

ஞாயிற்றுக்கிழமை மழை தகரக் கொட்டகையைப் பிய்த்துவிடுகிற மாதிரி கொட்டியது.

"என்னங்க! மெஷின் நனையுது! ஓடி வாங்க. தூக்கி மச்சுல வச்சிருவோம்."

பெருமாள் மெஷினைப் பார்த்தார். பழைய இரும்புக் கால், மரப் பலகை, இரண்டு ஆள் கனம். அதை மாடிப்படியில் ஏற்றினால் மிச்சமிருக்கிற எலும்பும் போய்விடும். முடியாது என்றால் ஏன் என்று கேட்பாள். ஏன் என்று கேட்டால் அவ்வளவுதான்.

"மச்சு எதுக்குட்டி?" என்றார். "உருட்டிக்கிட்டுப் போயி முன்ரூம்ல வை. சும்மா மழை விடுத வரைக்கும்."

"முன்ரூம்லயா? நிசமாவா சொல்லுதிய?"

"உனக்கு இல்லாத இடமா?"

பெருந்தன்மை என்று பெயர் வாங்கியாயிற்று, எலும்பும் தப்பியது. ஆனால் மெஷின் வந்ததும் திவான் இடித்தது.

"அப்பம் திவானைக் கொஞ்சம் தூக்கிப் பிடிங்க. சுவரோரம் தள்ளிருவோம்."

"தூக்க எதுக்கு? அது... அது எனக்கு வேண்டாம். முதுகு புடிக்கி. வெளிய எடுத்துரச் சொல்லு. நான் நாற்காலியில உக்காந்தே தூங்கிக்கிடுவேன்." அது ஒன்றுதான் உண்மை. படுத்தால் எழுந்திருக்க முடியாமல் இரண்டு இரவாக அவர் பட்ட பாடு அவருக்குத்தான் தெரியும்.

எதிர்வீட்டு ஆட்கள் வந்து திவானைத் தூக்கிக்கொண்டு போனார்கள். துணி தொங்கவிடக் கம்பி வேண்டும், டிவியைக் கழற்ற வேண்டும் என்றாள். ஸ்டூலில் ஏறிக் கழற்றுவதற்குப் பதில், டிவியே வேண்டாம், கண்ணுக்குக் கெடுதல் என்று சொல்லிவிட்டார். பொழுது சாயுமுன் முன்ரூம் வாசலில் 'ஈஸ்வரி டெய்லர்ஸ்' அட்டை தொங்கியது. பெருமாள் தகரக் கொட்டகையில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். போனாலும் ரகசியம் தப்பியதே என்று சமாதானம் சொல்லிக்கொண்டார். எதைக் காப்பாற்ற ரகசியத்தைக் காப்பாற்றுகிறோம் என்பது அந்த நேரத்தில் அவருக்கு மறந்து போயிருந்தது.

சங்கரேஸ்வரி ஒரு பை நிறைய பலூனைக் கொண்டுவந்து மடியில் போட்டாள்.

"கடை திறப்புக்குக் கட்டணும். ஊதுங்க."

முதல் பலூனை ஊதி முடித்தபோது மசூது வந்து சேர்ந்தார். தகரத்துக்கு அடியில், மடியில் பலூனோடு, இடது பக்கமாகச் சாய்ந்து உட்கார்ந்திருந்த சிநேகிதரை மேலும் கீழும் பார்த்தார்.

"என்னவே இது? வீட்டை விட்டுத் துரத்திட்டாளா, இல்ல காது குத்துக் கல்யாணமா?"

"சிரிப்புக் காட்டாதேயும்வே..."

"மொட்டையும் அடிச்சிருவாளோ?"

அவ்வளவுதான். பெருமாளுக்குச் சிரிப்பு பீறிட்டது. அடக்க அடுத்த பலூனை வாயில் வைத்தார். அது பலூனுக்குள் போயிற்று. பலூன் வெடித்தது. திடுக்கிட்டதில் தும்மலும் சேர்ந்து வந்தது. மூன்று நாளாகத் தேக்கி வைத்த தும்மல். நாற்காலியோடு முன்னால் மடங்கினார். வேர்த்துக் கொட்டியது, வாய் திறந்தது, சத்தம் வரவில்லை.

சங்கரேஸ்வரி கையிலிருந்த கத்திரியைப் போட்டுவிட்டு ஓடி வந்தாள். அவள் முகத்தை அப்படிப் பெருமாள் பார்த்ததே இல்லை. அவர் நெற்றியைத் தொட்டாள், உதட்டைப் பார்த்தாள், நெஞ்சில் கையை வைத்து மூச்சு எண்ணினாள்.

"மசூது அண்ணே, ஆட்டோ கூப்பிடுங்க. போதும் இந்த வெளாட்டு."

ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுத்தார்கள். டாக்டர் இளவயசுக்காரர். அவருக்குப் பக்கத்தில் நர்ஸ் ஹைருன் பீவி நின்றாள். மசூதின் மனைவி, சங்கரேஸ்வரியிடம்தான் துணி தைக்கக் கொடுப்பவள். மசூது அவளைப் பார்த்ததும் வராந்தாவுக்கு நழுவிவிட்டார்.

"எப்படி அடிபட்டுது?"

பெருமாள் முழு பலத்தையும் திரட்டினார். இன்னும் தப்பிக்கலாம். "பாத்ரூம்ல வழுக்கிட்டேன் டாக்டர்."

டாக்டர் படத்தை வெளிச்சத்தில் பிடித்தார். "இடது பக்கம் விலா எலும்பு விரிசல் விட்டிருக்கு. விழுந்த காயம் எதுவும் இல்லையே? கமுந்து படுத்திருந்தப்போ யாராவது மேல ஏறி உக்காந்தாங்களா?"

"ஏறித்தான் உக்காந்திருக்கான் டாக்டர்," என்றாள் சங்கரேஸ்வரி. "மசாஜ்காரன். வெள்ளிக்கிழமை விடிய."

பெருமாளுக்குத் தலைக்குமேல் ஃபேன் நின்றுபோன மாதிரி இருந்தது.

டாக்டர் ஸ்டெதஸ்கோப்பை முதுகு முழுக்க வைத்துக் கேட்டார். சங்கரேஸ்வரி சேலைத் தலைப்பைக் கையில் முறுக்கிக்கொண்டு நின்றாள்.

"நெஞ்சை இறுக்கிக் கட்டினீங்களா?"

"மொத நாள் ஒரு துண்டு இருந்துது. நான் உருவிட்டேன் டாக்டர்."

"நல்லதும்மா. விலா எலும்புக்குக் கட்டுப் போடக்கூடாது. நெஞ்சு விரியாட்டா மூச்சு அடிவரைக்கும் போகாது, சளி தங்கி நிமோனியா ஆயிரும். ஆழமா மூச்சு இழுத்தாரா?"

"மணிக்கொருக்கா டேப் வச்சு இழுக்க வச்சேன்."

"இருமும்போது?"

"தலையணையைக் கட்டிக்கச் சொன்னேன்."

"வலி மாத்திரை?"

"டம்ளருக்குப் பக்கத்துல வச்சேன். அவரே திருடித் தின்னுட்டாரு."

"படுத்தே கிடக்கலையே?"

"திவானை வெளிய எடுத்துட்டேன்."

டாக்டர் ஸ்டெதஸ்கோப்பைக் கழுத்தில் போட்டுக்கொண்டு சிரித்தார். "நுரையீரல் சுத்தமா இருக்கு. நாங்க செய்யுதது இதேதான்மா. யார் சொல்லிக் குடுத்தா?"

ஹைருன் பீவி தரையைப் பார்த்தாள். "மிளகா வத்தல் நான் சொல்லல டாக்டர். பலூனும் நான் சொல்லல."

"பலூனா? அது கொஞ்சம் அதிகம்தான்மா. இருந்தாலும் எக்ஸ்ரேக்கு மொத நாளே கூட்டிட்டு வந்திருக்கணும்." எலும்பு தானாகச் சேர்ந்துவிடும், அதற்கு ஆறு வாரம் ஆகும், கனம் தூக்கக்கூடாது, காய்ச்சலோ மூச்சுத் திணறலோ வந்தால் உடனே வர வேண்டும் என்றார். உறிஞ்சினால் மூன்று பந்து மேலே ஏறுகிற ஒரு பிளாஸ்டிக் டப்பாவையும் கொடுத்தார்.

திரும்பி வரும் ஆட்டோவில் பெருமாள் மெல்லக் கேட்டார்.

"மொதல்லயே தெரியும்னா ஏன்டி சொல்லல?"

"நீங்களா சொல்லுவியன்னு பாத்தேன்." அவள் அவர் சட்டைப் பட்டனைப் போட்டுவிட்டாள். "ஒரு வார்த்தை சொல்லியிருந்தா அன்னைக்கே கூட்டிட்டுப் போயிருப்பேன். ரெண்டு ராத்திரியும் கண்ணுல பொட்டுத் தூக்கமில்ல. உங்க நெஞ்சு மேல கை வச்சு, சூடு இருக்கா, மூச்சு சீரா இருக்கான்னு பாத்துக்கிட்டே கிடந்தேன்."

பெருமாளுக்கு மனசு இளகிவிட்டது. அவள் கையைப் பிடித்துக்கொண்டார். பிடித்துக்கொண்டே கேட்டார்.

"மசூது சொல்லிட்டானா?"

"அவர் வாயே திறக்கல. நீங்கதான் சொன்னிய."

"நானா?"

"அருவிக்கடியில நின்னுக்கிட்டு 'ஏட்டி ஈஸ்வரீ, செத்தேன்'னு கத்துனது யாரு? பொம்பளையங்க பக்கம் வரைக்கும் கேட்டுச்சு. 'உன் வீட்டுக்காரர் குரலு மாதிரி இருக்கே'ன்னு ஹைருனே கேட்டா. வெளிய வந்தா, அண்ணாச்சி விலாவுல சொடக்கெடுத்து இனாம் வாங்குனேன்னு அந்த மசாஜ்காரன் பெருமையடிச்சுக்கிட்டிருந்தான்."

ஆட்டோ ஒரு வேகத்தடையில் ஏறி இறங்கியது. பெருமாளுக்கு வலியே தெரியவில்லை.

"நீ... நீ எதுக்குட்டி அங்கன வந்த?"

"குளிக்கத்தான். நாங்க வெள்ளிக்கு வெள்ளி போறோம். அருவிக்குப் போகமாட்டேன்னு சத்தியம் பண்ணுனது நீங்க. நான் கற்பூரம்தான பொருத்துனேன்?"

பெருமாள் ஒரு பெருமூச்சு விடப்போய், குத்தியதால் பாதியில் நிறுத்திக்கொண்டார். "சரி. நான் மீறுனேன். முன்ரூமும் போயிருச்சு. கணக்குத் தீந்துச்சு."

"எங்க தீந்துச்சு? முன்ரூம் நீங்களா மனசு வந்து குடுத்தது. 'உனக்கு இல்லாத இடமா'ன்னு சொன்னியல்லா? சத்தியத்தை மீறுனதுக்கு இனிமேத்தான் கேக்கணும்."

கேட்டாள். அடுத்த வெள்ளிக்கிழமை விடியற்காலையில் வாசலில் ஹைருன் பீவியின் ஸ்கூட்டர் வந்து நின்றது. மலைப்பக்கம் ஒரே சாரல். தகரக் கொட்டகையில் பெருமாள் டப்பாவை வாயில் வைத்துப் பந்தை ஏற்றிக்கொண்டிருந்தார். சங்கரேஸ்வரி அவருடைய அருவித் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து எட்டிப் பார்த்தாள்.

"குளிச்சிட்டு வந்தா அகோரப் பசி பசிக்கும். இட்லி அவிச்சு, சட்னி அரைச்சு வைங்க. மிக்சி சுவிட்சைத் தட்ட விலா எலும்பு வேண்டாமாம், டாக்டர்கிட்ட கேட்டுட்டேன்."